எங்கே வாசிப்பது, எங்கே விடுவது

சிறிய படங்களுக்கு இசையமைப்பவர்களின் காது, கையிருப்பு, அவர்களுக்குச் சேர வேண்டிய காசு: ஒரு சிறப்புப் பார்வை

நட்சத்திர ஓட்டலில் ஓர் அறை. வெள்ளை விரிப்பு, அகலக் கட்டில், கதவைச் சாத்தினால் ஓர் ஈ பறக்கிற சத்தம்கூடக் கேட்காது. புரண்டு புரண்டு படுக்கிறார் கமல்ஹாசன், தூக்கம் வரவில்லை. அவர் குடியிருந்த பழைய ஒண்டு அறையின் பக்கத்தில் ஒரு சினிமா தியேட்டர். இரவெல்லாம் அங்கிருந்து வந்த சண்டைக் காட்சிச் சத்தம்தான் இத்தனை நாளும் அவருக்குத் தாலாட்டு. வேறு வழியில்லாமல் டேப் ரிக்கார்டரைத் தூக்கிக்கொண்டு பழைய இடத்துக்கே போகிறார். அந்தக் கூச்சலை அப்படியே பதிவு செய்து வந்து, ஓட்டல் அறையில் ஓடவிடுகிறார். தூங்கிப் போகிறார்.

1987-ல் சிங்கீதம் சீனிவாச ராவ் எடுத்த படம். கன்னடத்தில் ‘புஷ்பக விமானா’, தமிழ்நாட்டில் ‘பேசும் படம்’. முழுப் படத்திலும் ஒரு வரி வசனம் கிடையாது, ஒரு பாட்டுக்கூடக் கிடையாது. இப்படி ஒரு படத்தில் இசையமைப்பாளருக்கு என்ன வேலை? எல்லா இடத்தையும் நிரப்பிவிடலாம்; தடுக்க ஆளில்லை. இசையமைத்த எல். வைத்தியநாதன் அப்படிச் செய்யவில்லை. தெருவின் இரைச்சல் போதும் என்ற இடத்தில் தெருவை விட்டுவிட்டார். கமலும் அமலாவும் கண்ணாலும் கையாலும் பேசிக்கொள்ளும் இடங்களில் மட்டும் இசை மெதுவாக உள்ளே வந்து, வேலை முடிந்ததும் விலகிப் போகிறது.

2024 ஆகஸ்டில் பின்னணி இசையே இல்லாமல் ‘கொட்டுக்காளி’ தியேட்டருக்கு வந்தபோது இந்தப் பேச்சு மறுபடி கிளம்பியது. ‘பி.ஜி.எம். இல்லாமல் ஒரு படமா?’ என்று ஒரு பக்கம். ‘இரண்டு மணி நேரம் காதைப் பிளக்கும் படங்களுக்கு இது எவ்வளவோ மேல்’ என்று இன்னொரு பக்கம். இரண்டு தரப்புமே இசையமைப்பாளரை மறந்துவிட்டு சத்தத்தைப் பற்றித்தான் பேசின. சின்ன பட்ஜெட்டில், பெரிய கம்பெனியின் தயவில்லாமல் எடுக்கப்படும் படங்களுக்கு இசையமைப்பவர் யார், எப்படி வேலை செய்கிறார், என்ன சம்பாதிக்கிறார் என்ற கேள்விகள் அந்தச் சண்டைக்குள் வரவே இல்லை.

ஆலங்குடியில் ஒரு படம் எடுத்தால்

புதுக்கோட்டை மாவட்டம் ஆலங்குடியில் ஒரு படம் எடுக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். மூன்று நடிகர்கள், ஒரு கேமரா, ஒரு பழைய வேன். இசையமைப்பாளரையும் படப்பிடிப்புக்குக் கூட்டி வந்துவிட்டார் இயக்குநர். அதுவே அபூர்வம்.

அவர் காதில் முதலில் என்ன விழும்? விடியுமுன் கோயில் குழாய் ஸ்பீக்கர். கீரமங்கலம் பூ மார்க்கெட்டுக்குச் சாக்கு மூட்டையோடு விரையும் டூ வீலர்கள். மும்முனைக் கரண்ட் வந்த அடுத்த நிமிடம் தோட்டந்தோறும் கிளம்பும் ஆழ்குழாய் மோட்டார், அது நீரை இழுப்பதற்கு முன்னால் விடும் அந்த வெற்றுப் பெருமூச்சு. புதுக்கோட்டைப் பக்கமிருந்து அறந்தாங்கிப் பக்கம் போகும் பஸ்ஸின் ஹாரன். பலா சீசன் என்றால் வடகாடு, மாங்காடு பக்கம் லோடு ஏற்றுகிறவர்களின் குரல்.

2018 நவம்பர் 16-ம் தேதி அதிகாலையில் கரையேறிய கஜா புயல் இந்த வட்டாரத்தின் தென்னையையும் பலாவையும் வேரோடு சாய்த்தது. மின்கம்பங்கள் விழுந்து, கிராமங்களில் நாள் கணக்கில், சில இடங்களில் வாரக் கணக்கில் கரண்ட் இல்லை. குடிக்கத் தண்ணீர் எடுக்க வாடகை ஜெனரேட்டரைத் தெருத் தெருவாக இழுத்துக்கொண்டு போனார்கள். அதைப் படமாக்கினால் வயலின்கள் அழ வேண்டியதில்லை. ஜெனரேட்டர் எப்போது ஓடுகிறது, எப்போது நிற்கிறது என்பதைச் சரியாகத் தீர்மானித்தாலே போதும். அந்தத் தீர்மானமும் இசையமைப்புதான். அதைச் செய்யத் தெரிந்தவர்தான் சின்னப் படத்துக்குத் தேவை.

இந்த மாவட்டத்துக்குச் சினிமா புதிதல்ல. விராச்சிலைக்காரரான பாண்டிராஜ் தன் சொந்த ஊர்ப் பக்கத்திலேயே எடுத்த ‘பசங்க’ (2009), புதுக்கோட்டைச் சீமையைப் பின்னணியாகக் கொண்ட ‘வம்சம்’ (2010) இரண்டையும் தமிழ்நாடே பார்த்தது. முன்னதற்கு ஜேம்ஸ் வசந்தன், பின்னதற்குத் தாஜ்நூர். ‘பசங்க’ படத்தில் பாலமுரளிகிருஷ்ணா ஒரு பாட்டுப் பாடியிருக்கிறார். பள்ளிப் பிள்ளைகளின் சண்டையைச் சொல்லும் கதைக்குள், ஒரு குடும்பம் சமாதானமாகும் இடத்தில், கர்நாடக இசையின் மூத்த குரல் ஒன்று வந்து உட்காருகிறது. செலவைப் பெருக்கிக் கிடைக்கும் பலன் அல்ல அது. எந்தக் குரல் எந்த வீட்டுக்குள் நுழைய வேண்டும் என்று யோசித்ததால் கிடைத்தது.

■ பெட்டிச் செய்தி: பாறையில் எழுதிய ஸ்வரம்

ஆலங்குடிக்காரர்கள் புதுக்கோட்டையைத் தாண்டி மணப்பாறைப் பக்கம் போனால் குடுமியான்மலை. அங்கே குடைவரைக் கோயிலை ஒட்டிய பாறையில் ஏழு பகுதிகளாக ஸ்வரக் கோவைகளைச் செதுக்கி வைத்திருக்கிறார்கள். எழுத்து கிரந்தம், காலம் ஏறக்குறைய 7-ம் நூற்றாண்டு. ருத்ராசாரியரின் சீடரான ஓர் அரசன் மாணவர்களின் நன்மைக்காகச் செய்தது என்று கல்வெட்டே சொல்கிறது. அந்த அரசன் மகேந்திரவர்ம பல்லவன் என்று சொல்வது உண்டு. அதை ஏற்காத ஆய்வாளர்களும் உண்டு. ‘பரிவாதினி’ என்ற நரம்புக் கருவியின் பெயர் குடுமியான்மலையிலும், இதே மாவட்டத்தின் திருமயம், மலையக்கோயில் கல்வெட்டுகளிலும் வருகிறது. கஞ்சிராவைக் கச்சேரி மேடைக்குக் கொண்டுவந்த மாமுண்டியா பிள்ளையும், அவர் வழியில் வந்த தட்சிணாமூர்த்திப் பிள்ளையும் புதுக்கோட்டைக்காரர்கள். நடிப்பும் பாட்டும் ஒருசேர வாய்த்த பி.யு. சின்னப்பாவும் இந்த ஊர்தான்.

கழுதை வளர்த்த இசையமைப்பாளர்

சிறிய படங்களுக்கென்றே தன்னைக் கொடுத்த இசையமைப்பாளர்கள் தமிழில் இல்லையா என்று கேட்டால், முதலில் வாயில் வர வேண்டிய பெயர் எம்.பி. சீனிவாசன். கேரளத்தில் அவரைக் கொண்டாடும் அளவுக்கு நாம் கொண்டாடவில்லை என்பது நம் குறை.

மாணவப் பருவத்திலேயே கம்யூனிஸ்ட் இயக்கத்துக்கு வந்தவர். டெல்லியில் கட்சித் தலைவர் ஏ.கே. கோபாலனுக்குச் செயலாளராக இருந்தவர். 1960-ல் நிமாய் கோஷ் இயக்கிய ‘பாதை தெரியுது பார்’ படத்துக்கு இசையமைத்தார். தொழிலாளர் ஒற்றுமையைப் பேசிய அந்தப் படம் ஓடவில்லை. ஆனால் ஜெயகாந்தன் எழுதி, பி.பி. ஸ்ரீனிவாஸும் எஸ். ஜானகியும் பாடிய அந்த ஊஞ்சல் பாட்டு அறுபது வருஷம் தாண்டியும் வானொலியில் வருகிறது. படம் தோற்றும் பாட்டு நிற்கும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் தேட வேண்டியதில்லை.

பிறகு அவர் பெரும்பாலும் மலையாளத்துக்குப் போய்விட்டார். அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘ஸ்வயம்வரம்’ (1972), ‘எலிப்பத்தாயம்’ (1981) ஆகியவற்றின் இசை அவருடையது. ‘ஸ்வயம்வரம்’ படப்பிடிப்புக்கு அடூர் நாக்ரா ஒலிப்பதிவுக் கருவியைக் கொண்டுபோனார். இயல்பான சத்தங்களுக்குப் படத்தில் இடம் கேட்டார். பாட்டுக்காரராகப் பெயர் வாங்கிய ஒருவர், பாட்டே இல்லாத படத்தில் அந்தச் சத்தங்களுக்கு இடம் விட்டு உட்கார ஒப்புக்கொண்டார்.

தமிழில் அவர் செய்த இன்னொரு காரியம் இன்னும் வினோதமானது. ஜான் ஆபிரகாமின் ‘அக்ரஹாரத்தில் கழுதை’ (1977). அனாதையாக விடப்பட்ட கழுதைக் குட்டியை வீட்டுக்குக் கொண்டுவந்து வளர்க்கும் கல்லூரிப் பேராசிரியர் பாத்திரத்தில் நடித்தவரே எம்.பி. சீனிவாசன். படத்துக்கு இசையும் அவரே. வாய் பேசாத கிராமத்துப் பெண்ணுக்கும் அந்தக் கழுதைக்கும் பேச்சு கிடையாது. படத்தின் பாரம் முழுக்கப் பேச முடியாத இருவர் மேல். அந்த வருஷத்தின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது.

சினிமா இசைக் கலைஞர்களுக்கு ஒரு சங்கம் வேண்டும் என்று முன்னின்று உருவாக்கியவரும் இவரே. வயலின் வாசிப்பவருக்கும் தபலா வாசிப்பவருக்கும் பேசிய காசு பேசிய நாளில் கையில் வர வேண்டும் என்று போராடிய இசையமைப்பாளர். 1988-ல் லட்சத்தீவில் காலமானார்.

வைத்தியின் வழி

எல். வைத்தியநாதனின் அப்பா வி. லட்சுமிநாராயணா வயலின் வித்வான். யாழ்ப்பாணத்தில் இசை கற்பித்தவர். பிள்ளைகள் அங்கேதான் வளர்ந்தார்கள். 1958 கலவரத்துக்குப் பின் குடும்பம் இலங்கையை விட்டு வெளியேறியது. மூத்தவர் வைத்தியநாதன். அடுத்தவர் எல். சுப்பிரமணியம்: மருத்துவம் படித்து, வயலினுக்கே திரும்பி, மீரா நாயரின் ‘சலாம் பாம்பே’ (1988) படத்துக்கு இசையமைத்தவர். இளையவர் எல். சங்கர்: ஜான் மெக்லாக்லினோடு சேர்ந்து ‘சக்தி’ குழுவைத் தொடங்கியவர். தம்பிகள் உலக மேடைகளுக்குப் போனார்கள். அண்ணன் கோடம்பாக்கத்தில், இசையமைப்பாளர் ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்தார். கன்னடத்தில் சி. அஸ்வத்தோடு சேர்ந்து ‘அஸ்வத் – வைத்தி’ என்ற பெயரில் பல படங்கள் செய்தார்.

1982. பாரதி நூற்றாண்டு. கே. ஹரிஹரன் ‘ஏழாவது மனிதன்’ எடுக்கிறார். ரகுவரனுக்குக் கதாநாயகனாக முதல் படம். ஆலைக் கழிவால் பாழாகும் ஊரைப் பற்றிய கதை. பாடல்கள் எல்லாம் பாரதியுடையவை. பாட்டு எழுதக் கவிஞர் தேவையில்லை என்பது தயாரிப்பாளருக்கு லாபமாகத் தெரியலாம். இசையமைப்பாளருக்கு அது பெரிய சோதனை. பாரதி பாடல்களைப் பள்ளியிலும் மேடையிலும் கேட்டுக் கேட்டு ஒவ்வொருவர் காதிலும் ஒரு மெட்டு ஏற்கெனவே குடியிருக்கிறது. அந்த மெட்டை மறக்கடிக்க வேண்டும். பாரதியை மறக்கடிக்கக் கூடாது.

வைத்தியநாதன் ஆர்ப்பாட்டத்தைக் குறைத்தார். சொல்லுக்கு முன்னால் கருவி ஓடாது. வரிக்கும் வரிக்கும் நடுவில் மூச்சு விட இடம் உண்டு. யேசுதாஸ் பாடினார், பாரதியின் கொள்ளுப் பேரன் ராஜ்குமார் பாரதியும் பாடினார். நாற்பது வருஷம் கழித்தும் பாரதி விழா என்றால் இந்த மெட்டுகளைத்தான் பிள்ளைகள் பாடுகிறார்கள். அவை ஒரு சினிமாவுக்காகப் போட்ட மெட்டுகள் என்பது பாடுகிற பலருக்கும் தெரியாது.

அதே மனிதர் ‘மால்குடி டேஸ்’ தொடருக்கு இசையமைத்தார். ஷங்கர் நாக் இயக்கம், ஆகும்பேயில் படப்பிடிப்பு, ஆர்.கே. லட்சுமணின் கோட்டோவியங்கள், அவற்றின் மேல் வார்த்தையே இல்லாத ஒரு குரல். தூர்தர்ஷன் பார்த்து வளர்ந்த தலைமுறையில் யாரிடமாவது மால்குடி என்று சொல்லிப் பாருங்கள். பதில் அந்த ராகமாகத்தான் வரும். ஆர்.கே. நாராயணின் ஊருக்கு வரைபடத்தில் இடம் இல்லை. அதற்கு ஒரு குரல் மட்டும் இருக்கிறது. அதைக் கொடுத்தவர் வைத்தியநாதன்.

பாலுமகேந்திராவின் ‘சந்தியா ராகம்’ (1989) அவர் இசையமைத்த இன்னொரு படம். மனைவியை இழந்து, கிராமத்தை விட்டு, சென்னையில் அண்ணன் மகன் வீட்டுக்கு வந்து சேரும் முதியவராகச் சொக்கலிங்க பாகவதர். தூர்தர்ஷனுக்காக எடுத்த படம், பணம் குறைவு. ஒரு கிழவர் டீ குடிப்பதும், திண்ணையில் உட்காருவதும், பேத்தியோடு விளையாடுவதும்தான் காட்சிகள். கொஞ்சம் கை தவறி இசை கூடினாலும் கண்ணீர்ப் படமாகிவிடும். கை தவறவில்லை. கி. ராஜநாராயணனின் ‘கிடை’யை அம்ஷன் குமார் 2003-ல் ‘ஒருத்தி’ என்று படமாக்கியபோதும் வைத்தியநாதனைத்தான் தேடிப் போனார்.

இவரிடம் வந்த படங்களைப் பார்த்தால் ஒரு விஷயம் புரிகிறது: வசனம் இல்லாத படம், பாரதி மட்டுமே பாடலாசிரியரான படம், பெரிதாக எதுவும் நடக்காத படம். மற்றவர்கள் ‘இதில் நாங்கள் என்ன பண்ணுவது?’ என்று விலகும் கதைகள். 2007 மே மாதம் அவர் காலமானபோது செய்திகள் வந்தன. பெரிய ஹிட்டுகளின் பட்டியல் அந்தச் செய்திகளில் இல்லை. அதனால் அவர் சிறியவர் ஆகிவிடவில்லை.

இசை இல்லாமலும் இசையமைப்பு

பாலுமகேந்திராவின் ‘வீடு’ (1988) இன்னொரு வழியைக் காட்டியது. சென்னையில் ஒரு நடுத்தரப் பெண் சின்னதாக ஒரு வீடு கட்டப் படும் பாடு. படத்தில் கேட்பது, இளையராஜா அதற்கு முன்பே வெளியிட்டிருந்த ‘ஹவ் டு நேம் இட்’ ஆல்பத்தின் இசை. படத்துக்காக எழுதிய இசை அல்ல. ஆனாலும் சிமென்ட் மூட்டைக்கும் அந்தப் பெண்ணாக நடித்த அர்ச்சனாவின் முகத்துக்கும் அளவெடுத்துத் தைத்ததுபோலப் பொருந்தியது. எந்தத் துண்டை எங்கே வைப்பது என்று தெரிந்த இயக்குநருக்கு மட்டுமே இது கைகூடும்.

செழியனின் ‘டு லெட்’ சென்னையில் வாடகை வீடு தேடும் குடும்பத்தின் கதை. 2017-ன் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது பெற்றது. 2019 பிப்ரவரியில் தியேட்டருக்கு வந்தது. பின்னணி இசையே கிடையாது. வீட்டுக்காரம்மாவின் காலடிச் சத்தம் மாடிப்படியில் கேட்கும்போது உள்ளே இருக்கும் குடும்பத்தோடு சேர்ந்து நாமும் குரலைத் தாழ்த்துகிறோம். அங்கே ஒரு செல்லோ வந்திருந்தால் பயம் செல்லோவுக்குப் போயிருக்கும், படிக்கட்டில் இருந்திருக்காது.

பி.எஸ். வினோத்ராஜின் இரண்டு படங்களையும் சேர்த்துப் பார்க்கலாம். ரோட்டர்டாமில் 2021-ல் டைகர் விருது வாங்கிய ‘கூழாங்கல்’ படத்துக்கு இசை யுவன் ஷங்கர் ராஜா. பெரிய பெயர், ஆனால் இசை வரும் இடங்கள் கொஞ்சம். பெரும்பாலான நேரம் வெயிலில் நடக்கும் அப்பன், மகன் இருவரின் கால் சத்தம்தான். அடுத்த படமான ‘கொட்டுக்காளி’யில் அந்தக் கொஞ்சத்தையும் எடுத்துவிட்டார். ஷேர் ஆட்டோ, பைக்குகள், சேவல், வழியில் எங்கோ ஒலிக்கும் பாட்டு. அன்னா பென் ஏற்ற மீனா படம் முழுக்க ஏறக்குறைய வாயே திறப்பதில்லை. அவளைச் சுற்றி இருக்கிறவர்கள் வாயை மூடுவதில்லை. அந்த ஏற்றத்தாழ்வுதான் படம்.

இசையை ஒதுக்கும் இந்த வழி வெளிநாட்டுக்காரர்களிடம் கற்றுக்கொண்டது என்று சொல்வோரும் உண்டு. ஹிட்ச்காக்கின் ‘தி பேர்ட்ஸ்’ (1963) வழக்கமான பின்னணி இசை இல்லாத படம். ஆனால் அவருடைய இசையமைப்பாளர் பெர்னார்ட் ஹெர்மனை அனுப்பிவிடவில்லை. ஒலி ஆலோசகராக உட்கார வைத்தார். பறவைகளின் கூச்சல் மின்னணுக் கருவியில் உருவாக்கியது. தமிழ்ப் படங்களில் இதுதான் விட்டுப்போகிறது. இசை வேண்டாம் என்று முடிவானதும் இசையமைப்பாளரையும் வேண்டாம் என்கிறார்கள். மௌனத்தை அளக்க ஒரு காது வேண்டும். அந்த வேலையும் முழுதாக ஒலிப்பதிவாளர் தலையில் விழுகிறது.

அருவியும் சேத்துமானும்

இப்போது இந்தப் பாதையில் நடப்பவர்களில் பிந்து மாலினியைக் குறிப்பாகச் சொல்ல வேண்டும். தமிழ்ப் படங்களுக்குப் பெண்கள் இசையமைப்பதே அரிது என்பதால் மட்டும் அல்ல. கர்நாடக இசை, இந்துஸ்தானி இரண்டும் கற்று, அகமதாபாத் தேசிய வடிவமைப்புக் கழகத்தில் படித்து, வேதாந்த் பரத்வாஜோடு சேர்ந்து கபீரைப் பாடிக்கொண்டிருந்தவர். இருவரும் சேர்ந்து அருண் பிரபு புருஷோத்தமனின் ‘அருவி’ (2017) படத்துக்கு இசையமைத்தார்கள்.

‘அருவி’யில் புது நாயகி, புது இயக்குநர். கோபமும் கேலியும் அழுகையும் ஒன்றன்மேல் ஒன்று ஏறி வரும் கதை. அதற்குக் கிடைத்த இசையில் மேடைக் கச்சேரி வாசனை உண்டு, தெருப்பாட்டின் கரகரப்பும் உண்டு. குரல்களை வழவழவென்று துடைத்து வைக்கவில்லை.

அடுத்து, பெருமாள்முருகனின் ‘வறுகறி’ கதையை வைத்துத் தமிழ் என்பவர் இயக்கி, பா. இரஞ்சித்தின் நீலம் தயாரித்த ‘சேத்துமான்’. பன்றிக்கறி, சாதி, ஒரு தாத்தா, ஒரு பேரன். 2022-ல் நேராக ஓடிடிக்கு வந்தது. அதற்கும் இசை பிந்து மாலினி. இப்படிப்பட்ட கதைக்கு ‘கிராமத்து இசை’ என்று கேட்டால் நம் பழக்கத்தில் உடனே வருவது ஒரு புல்லாங்குழல், ஓர் உறுமி, கூட ஒரு குலவை. அந்த ஆயத்த மூட்டையைப் பிரிக்காமல் ஒரு ஊருக்குள் போவது இன்றைய இசையமைப்பாளருக்கு எளிதல்ல. புதுக்கோட்டைக் கரகாட்டத்துக்கு வாசிக்கும் நையாண்டி மேளமும் கொங்குப் பறையும் ஒன்றல்ல. சினிமாவில் இரண்டும் ஒரே ‘லூப்’ ஆகிவிடுகின்றன.

பேக்கேஜ் என்ற பெயரில்

இனி காசு.

சின்னப் படத்தில் இசைக்கு வழக்கமான ஏற்பாடு ‘பேக்கேஜ்’. ஒரு தொகை பேசிவிடுவார்கள். பாட்டு, ஆர்.ஆர். என்கிற பின்னணி இசைச் சேர்ப்பு, ஸ்டுடியோ வாடகை, பாடகர் சம்பளம், வாத்தியக்காரர் கால்ஷீட், மிக்ஸிங் எல்லாம் அதற்குள். மிச்சம் இருந்தால் அது இசையமைப்பாளருடையது. ஆக, ஒரு நாதஸ்வர வித்வானை அழைத்தால் அவர் சம்பளம் இசையமைப்பாளர் பையிலிருந்து போகிறது. லேப்டாப்பில் சாம்பிள் நாதஸ்வரத்தை அமுக்கினால் போகாது. இந்தக் கணக்கில் யார் ஜெயிப்பார் என்று சொல்ல வேண்டுமா?

விளைவு நேரடியாகக் காதில் விழுகிறது. கீபோர்டில் அமுக்கும் நாதஸ்வரத்துக்கு ஸ்வரம் தெரியும். ஒரு ஸ்வரத்திலிருந்து இன்னொன்றுக்குச் சீவாளி வழியாக வழுக்கிப் போகத் தெரியாது. தவில் சாம்பிளில் அடி உண்டு. அடிக்குப் பின்னால் கையின் கனம் மாறுவது இல்லை. ஆலங்குடி, கீரமங்கலம் வட்டாரத்தில் கோயில் திருவிழாவும் கல்யாணமும் நம்பி வாழும் மேளக்காரர்கள் இருக்கிறார்கள். இந்த ஊரைப் பற்றி ஒரு படம் வந்தாலும் அதில் அவர்கள் வாசிக்கப் போவதில்லை என்பதே இன்றைய நிலை. நல்ல மைக் இரண்டும், லேப்டாப்பில் செருகும் சின்ன ஒலிப்பதிவுப் பெட்டி ஒன்றும், ஒரு கல்யாண மண்டபத்தின் பகல் நேரமும் இருந்தால் உள்ளூரிலேயே பதிவு செய்யலாம். கருவி வந்துவிட்டது. பேக்கேஜ் கணக்கு மாறவில்லை.

குறைந்த நேரத்திலும் கையிலும் பெரிய காரியம் நடந்திருக்கிறது என்பதற்கு ‘பதேர் பாஞ்சாலி’ (1955) இருக்கிறது. ரவிசங்கர் ஒரே இரவில், ஏறக்குறைய பதினொரு மணி நேரத்தில் இசையைப் பதிவு செய்து கொடுத்துவிட்டுப் போனார். போதாமல் நின்ற இடத்தில் சிதாரை எடுத்து வாசித்தவர் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா. இந்தக் கதையைத் தயாரிப்பாளர்கள் ‘பாருங்கள், ஒரு ராத்திரி போதும்’ என்பதற்கு எடுத்துக்காட்டாகச் சொல்வதுண்டு. ரவிசங்கர் அந்த இரவுக்கு முன் எத்தனை வருஷம் சாதகம் செய்தார் என்பது அதில் விட்டுப்போகிறது.

தேசிய விருதுகளில் பாடல்களுக்கும் பின்னணி இசைக்கும் தனித்தனியாக விருது கொடுக்கும் வழக்கம் 2009-ம் ஆண்டுப் படங்களிலிருந்து நிலைபெற்றது. அந்த முறை பின்னணி இசைக்கு விருது வாங்கியவர் இளையராஜா, ‘பழசி ராஜா’வுக்காக; பிறகு கரகாட்டக் குழுவின் கதையான ‘தாரை தப்பட்டை’க்கும் வாங்கினார். பாட்டே இல்லாத சின்னப் படங்களுக்கு இந்தப் பிரிவுதான் ஒரே வாசல். பாட்டு ஹிட்டானால்தான் இசையமைப்பாளர் என்ற பார்வை விருதுக் குழுவில் மாறிவிட்டது. படக் கம்பெனியின் சம்பளப் பட்டியலில் மாறவில்லை.

■ பெட்டிச் செய்தி: கையெழுத்துப் போடும் முன்

2012 ஜூன் 21 முதல் நடைமுறைக்கு வந்த பதிப்புரிமைச் சட்டத் திருத்தம் பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் ஓர் உரிமையைக் கொடுத்தது. சினிமாவில் சேர்த்த இசை, தியேட்டரில் படத்தோடு திரையிடப்படுவதைத் தவிர வேறு வழிகளில் பயன்படும்போது வரும் ராயல்டியில் சமபங்கு அவர்களுக்கு உண்டு. வாரிசுக்கோ, ராயல்டி வசூலித்துக் கொடுக்கும் பதிப்புரிமைச் சங்கத்துக்கோ தவிர, வேறு யாருக்கும் அதை எழுதிக் கொடுக்க முடியாது; எழுதிக் கொடுத்தாலும் செல்லாது. ராயல்டியை வசூலித்துக் கொடுக்கும் ஐ.பி.ஆர்.எஸ். அமைப்பு 2017-ல் மறுபடி முறையாகப் பதிவு பெற்றது. சின்னப் படத்து ஒப்பந்தங்களில் ‘சகல உரிமைகளும்’ என்ற ஒரு வரி சாதாரணமாக இருக்கும். அதைப் பார்த்துவிட்டு, ராயல்டியும் போய்விட்டது என்று நினைத்து உறுப்பினராகச் சேராமல் விடுகிற புதியவர்கள் உண்டு. எந்த நிமிடத்தில் எந்த இசை எத்தனை விநாடி வருகிறது என்ற கியூ ஷீட்டைப் படம் முடிந்த கையோடு எழுதி வைத்துக்கொள்வதும் அவர்களுடைய வேலைதான்.

முதல் நாளே கூப்பிடுங்கள்

சுயாதீனப் படம் எடுக்கும் இளைஞர்கள் இந்த மாவட்டத்திலும் இருக்கிறார்கள். குறும்படம் எடுத்து, செல்போனில் எடிட் செய்து, இசைக்கு மட்டும் கடைசி வாரத்தில் ஆள் தேடுவார்கள். அதற்குள் எடிட்டர், வேறு ஏதோ ஒரு ஹாலிவுட் படத்தின் இசையைத் தற்காலிகமாகப் போட்டு வெட்டியிருப்பார். அதைக் கேட்டுக் கேட்டு இயக்குநரின் காது அதற்குப் பழகியிருக்கும். பிறகு வரும் இசையமைப்பாளரிடம் ‘கிட்டத்தட்ட இதே மாதிரி’ என்பார்கள். நம் சின்னப் படங்கள் பலவும் ஒன்றுபோல் ஒலிப்பதற்கு இதுதான் பெரிய காரணம். திறமைக் குறைவு அல்ல.

இதற்கு மாற்று செலவு கேட்பதில்லை. திரைக்கதை கையில் இருக்கும்போதே இசையமைப்பாளரை உட்கார வைக்கலாம். எந்தக் காட்சியில் இசை வேண்டாம் என்று முதலிலேயே பேசிவிட்டால், அந்தக் காட்சியில் ஒலிப்பதிவாளர் மோட்டார் சத்தத்தையும் பஸ் ஹாரனையும் தனியாக, சுத்தமாக எடுத்து வைப்பார். படப்பிடிப்பு நடக்கும் ஊரின் மேளக்காரரை அரை நாள் கூப்பிட்டுப் பதிவு செய்து வைத்தால், ஆர்.ஆர். நேரத்தில் அது கையில் இருக்கும். அவருக்கான சம்பளத்தைப் பேக்கேஜுக்கு வெளியே, படப்பிடிப்புச் செலவுக் கணக்கில், லைட்மேன் பேட்டாவுக்குப் பக்கத்தில் எழுதிவிட வேண்டும். டைட்டிலில் அவர் பெயரும் ஊரும் வர வேண்டும். வாத்தியக்காரர்களின் பெயர்களை டைட்டிலில் போடும் வழக்கத்தைச் சில புதிய படங்கள் தொடங்கியிருக்கின்றன; அதற்கு ஆகும் செலவு, திரையில் இன்னும் சில விநாடிகள்.